கடைசிப் பந்திக்கு வரும் வண்டு

செத்த விலங்குகளைச் சுத்தம் செய்யும் பூச்சிகளைப் பற்றிப் போன இதழில் எழுதியபோது, போகிற போக்கில் "தோல் வண்டுகளும் உண்டு" என்று ஒரு வரி போட்டிருந்தேன். அந்த ஒரு வரிக்குத்தான் இந்த முறை வந்த கடிதங்களில் பாதி. ஈயைப் பற்றியோ கழுகைப் பற்றியோ யாரும் கேட்கவில்லை. சரி, பக்கம் முழுக்க இந்த வண்டுக்கே கொடுத்துவிடலாம்.

கேள்வி: செத்துக் காய்ந்து கிடந்த ஒரு நாயின் தோலைக் குச்சியால் புரட்டிப் பார்த்தேன். அடியில் ஐந்தாறு மண்கட்டிகள். கொஞ்ச நேரம் கழித்து அதில் ஒன்று நடக்க ஆரம்பித்துவிட்டது! என்ன வண்டு அது?

பதில்: செத்த நாயைப் புரட்டிப் பார்க்கிற ஆர்வத்துக்கு முதலில் ஒரு சபாஷ். நீங்கள் சொல்லும் அடையாளத்தைப் பார்த்தால் அது நான் சொன்ன தோல் வண்டேதான், டிரோஜிடே என்ற குடும்பத்தைச் சேர்ந்தது. உலகம் முழுக்க ஏறக்குறைய 300 இனங்கள் இருக்கின்றன. டிராக்ஸ், ஒமார்கஸ், பாலினான்கஸ் என்பவை அதில் முக்கியமான பேரினங்கள். சாண வண்டு, காண்டாமிருக வண்டு எல்லாம் இருக்கும் பெரிய கூட்டத்துக்கு இவையும் சொந்தம்தான், உணர்கொம்பின் நுனியில் அடுக்காக இருக்கும் தகடுகளைப் பார்த்தாலே உறவு தெரிந்துவிடும். அழகில் மட்டும் அந்தச் சொந்தக்காரர்களின் சாயல் கொஞ்சமும் ஒட்டவில்லை. பழுப்பு, சாம்பல், கருப்பு என்று மங்கிய நிறம், முதுகில் வரிசை வரிசையாகக் கொப்புளங்கள், பலவற்றில் அந்தக் கொப்புளத்தின் மேல் கட்டையான மயிர்க் கொத்து, அந்த மேடுபள்ளத்தில் எல்லாம் மண்ணும் அழுக்கும் ஏறி இறுகிப்போயிருக்கும்.

தொட்டால் ஓடாது. ஆறு கால்களையும் வயிற்றோடு மடக்கிக்கொள்ளும், தலையைக் கீழே இழுத்துக்கொள்ளும், முன்னங்காலின் அகன்ற தொடைப்பகுதி வந்து தலையை மறைத்துவிடும். அதற்குப் பிறகு உருட்டினாலும் கவிழ்த்தாலும் சில நிமிடங்களுக்கு அசைவே இருக்காது, நாமாகப் பொறுமை இழந்து போக வேண்டியதுதான். கையில் எடுத்துக் காதருகே கொண்டுபோனால் சில சமயம் மெல்லிய கீச்சொலி ஒன்று கேட்கும். அது வாயிலிருந்து வருவதல்ல, வயிற்றின் ஒரு சொரசொரப்பான பகுதியை இறக்கை மூடியின் உள் விளிம்பில் உரசி எழுப்புகிற சத்தம். செத்த மாதிரி நடித்துக்கொண்டே சத்தமும் போடுவது எந்த ஊர் நடிப்பு என்று என்னைக் கேட்காதீர்கள்.

கேள்வி: எல்லோரும் தின்று முடித்த பிறகு வந்து இந்த வண்டுக்கு என்ன மிச்சம் இருக்கும்? வெறும் மயிரிலும் தோலிலும் என்ன சத்து?

பதில்: நிறைய மிச்சம் இருக்கிறது, அதைச் செரிக்கத்தான் ஆளில்லை. ஒரு விலங்கு செத்தால் முதலில் வருவது ஈ. அதன் புழுக்கள் ஈரமான சதையை முடிக்கும். அந்தப் புழுக்களைத் தின்ன வேறு வண்டுகள் வரும். உடல் உலர உலர வாடிக்கையாளர்கள் மாறிக்கொண்டே போவார்கள். கடைசியில் காய்ந்த தோல், மயிர், இறகு, கொம்பு, குளம்பு இவை மட்டும் கிடக்கும். இந்தக் கடைசிப் பந்திக்கு வருகிறவர்கள்தான் நம் ஆட்கள்.

மயிரும் இறகும் கொம்பும் கெரட்டின் என்ற புரதத்தால் ஆனவை. புரதம் என்றால் சத்துதானே, பிறகு ஏன் யாரும் தொடுவதில்லை என்றால், அதைக் கட்டியிருக்கிற விதம் அப்படி. கெரட்டின் இழைகளைக் கந்தக அணுக்கள் குறுக்கே குறுக்கே பிணைத்து வைத்திருக்கின்றன (முடி கருகினால் வரும் அந்த நாற்றம் கந்தகத்தின் வேலைதான்). நம் வயிறு உட்பட பெரும்பாலான வயிறுகளின் நொதிகள் அந்தப் பிணைப்புக்கு முன்னால் தோற்றுவிடும். பூனை தன் மயிரை விழுங்கினால் உருண்டையாக வாந்தி எடுக்கிறது, ஆந்தை எலியை முழுசாக விழுங்கி மயிரை எலும்போடு சேர்த்துக் கட்டியாகக் கக்குகிறது, எல்லாம் இதனால்தான். கம்பளித் துணியை அரிக்கும் அந்துப்பூச்சியின் புழு இதற்கு ஒரு வழி வைத்திருக்கிறது. அதன் குடலுக்குள் காரத்தன்மை அதிகம், ஆக்சிஜன் மிகக் குறைவு, அந்தச் சூழலில் கந்தகப் பிணைப்பு முதலில் விட்டுப்போகும், அப்புறம் நொதிகள் வந்து மிச்சத்தைப் பார்த்துக்கொள்ளும். கெரட்டினைச் சாப்பாடாக எடுத்துக்கொள்ளத் தெரிந்த பூச்சிகள் உலகத்தில் சில கூட்டங்கள்தான்: அந்துப்பூச்சிகளில் ஒரு பிரிவு, பறவைப் பேன்கள், டெர்மெஸ்டிட் வண்டுகள், அப்புறம் இந்த டிரோஜிடுகள். போட்டியே இல்லாத கடை. தாமதமாக வருவது சோம்பேறித்தனம் இல்லை.

இன்னொன்று. பிணம்தான் வேண்டும் என்று இவை அடம்பிடிப்பதில்லை. ஆந்தை கக்கிய கட்டி, பறவைக் கூட்டின் அடியில் சேர்ந்த இறகுக் குப்பை, நரி வளை, மயிர் கலந்த ஊனுண்ணிகளின் கழிவு, எங்கே கெரட்டின் சேர்கிறதோ அங்கே வந்துவிடும். தாய் வண்டு உணவுக்கு அடியிலேயே மண்ணில் முட்டையிடும். புழு மண்ணுக்குள் செங்குத்தாக வளை தோண்டிக்கொண்டு, மேலே இருக்கும் கூரையையே தின்று வளரும்.

கேள்வி: கொலை வழக்குகளில் இறந்த நேரத்தைக் கண்டுபிடிக்க இந்த வண்டு உதவுமா?

பதில்: மணிக்கணக்கில் நேரம் சொல்ல உதவாது, அதற்கு ஈயின் புழுதான் கெட்டிக்காரத்தனமான சாட்சி. பூச்சிகள் பிணத்துக்கு அலை அலையாக வருவதை பிரான்சின் பூச்சி ஆய்வாளர் ஜான் பியர் மெக்னான் 1894-இல் எழுதிய நூலில் எட்டு அலைகளாகப் பிரித்துக் காட்டினார். தோல் வண்டுகள் வந்து தங்கியிருந்தால் உடல் நன்றாக உலர்ந்து நாளாகிவிட்டது என்று சொல்லலாம், அவ்வளவுதான்.

கேள்வி: அருங்காட்சியகங்களில் எலும்புக்கூட்டைச் சுத்தம் செய்ய வளர்க்கும் வண்டு இதுதானா? வீட்டுக் கம்பளத்தை அரிக்குமா?

பதில்: இல்லை, அது வேறு குடும்பம். அருங்காட்சியகத்தில் வளர்ப்பது டெர்மெஸ்டெஸ் மாக்குலேட்டஸ் என்ற டெர்மெஸ்டிட் வண்டு. நீளவாட்டில் வழவழப்பான உடம்பு, புழுவின் மேல் முழுக்கச் சிலிர்த்த மயிர். டிரோஜிட் வண்டின் புழு வெள்ளையாக, வளைந்து, சாண வண்டுப் புழுவின் சாயலில் இருக்கும். டெர்மெஸ்டிட்கள் காய்ந்த சதையை எலும்பிலிருந்து மிச்சமில்லாமல் எடுத்துவிடும் என்பதால் அவற்றுக்கு அங்கே வேலை, பெட்டியை ஒழுங்காக மூடாவிட்டால் அதே வண்டு பாடம் செய்து வைத்த பறவைகளையும் தின்றுவிடும் என்பதால் கண்காணிப்பும் உண்டு. வீட்டில் கம்பளியை அரிப்பதும் பெரும்பாலும் அந்த டெர்மெஸ்டிட் குடும்பத்துச் சின்ன வண்டுகளின் புழுக்கள்தான். நம் டிரோஜிட் ராத்திரியில் விளக்கு வெளிச்சத்துக்கு வந்து விழலாம், மற்றபடி உங்கள் அலமாரியோடு அதற்கு வியாபாரம் இல்லை.

இறகு தின்கிற பழக்கம் எவ்வளவு பழசு என்பதற்கு ஸ்பெயினில் கிடைத்த அம்பர் (புதைந்து கல்லாகிப்போன மரப்பிசின்) ஒன்று நல்ல ஆதாரம். சுமார் 10.5 கோடி ஆண்டுப் பழமையான அந்தப் பிசினுக்குள் டெர்மெஸ்டிட் வகைப் புழுக்கள் கழற்றிப் போட்ட சட்டைகளும் டைனோசர் இறகுகளும் ஒன்றோடொன்று பின்னிக் கிடந்ததை 2023-இல் வெளியிட்டார்கள். டிரோஜிடுகளின் புதைபடிவங்களும் டைனோசர்கள் வாழ்ந்த கிரெட்டேசியஸ் காலத்திலிருந்தே கிடைத்திருக்கின்றன. டைனோசர் இறகிலேயே இந்தப் பந்தி தொடங்கிவிட்டது என்று தோன்றுகிறது.

கேள்வி: தோல் வண்டு கடலாமை முட்டைகளை அழிக்கிறது என்று படித்தேன். காய்ந்த தோலைத் தின்கிற வண்டுக்கு முட்டை எதற்கு?

பதில்: இந்தப் பக்கத்திலேயே எனக்குப் பிடித்த கேள்வி இது, கொஞ்சம் நீளமாகப் போகும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

அந்த வண்டின் பெயர் ஒமார்கஸ் சுபெரோசஸ். ஒரு சென்டிமீட்டரைத் தாண்டிய உருவம், மேலே சொன்ன அதே மண்கட்டித் தோற்றம். அமெரிக்கக் கண்டங்களில் பரவலாக இருக்கிறது, ஆஸ்திரேலியா போன்ற இடங்களிலும் உண்டு. காய்ந்த பிணம் கிடைத்தால் மற்ற டிரோஜிட் மாதிரியே அதைத் தின்றுகொண்டு பிழைக்கும். மெக்சிகோவின் பசிபிக் கரையில், ஒஹாக்கா மாநிலத்தில் எஸ்கோபில்லா என்ற கடற்கரை இருக்கிறது. பங்குனி ஆமைகள் கூட்டம் கூட்டமாகக் கரையேறி முட்டையிடும் உலகின் மிகப் பெரிய இடங்களில் ஒன்று அது. நம் ஒடிசா கரையில் ஏறுகிற அதே ஆலிவ் ரிட்லி ஆமை. ஒரே இரவில் ஆயிரக்கணக்கில் வரும், ஒவ்வொன்றும் சுமார் நூறு முட்டை இடும். கடலாமைகளைப் பிடிப்பதையும் விற்பதையும் மெக்சிகோ 1990-இல் முழுசாகத் தடை செய்த பிறகு கூடுகள் பெருகி, ஓர் ஆண்டில் பத்து லட்சத்தைத் தாண்டிய காலமும் உண்டு.

இப்போது கணக்கைப் பாருங்கள். முட்டை பொரிய 45 முதல் 60 நாள் வரை ஆகும். அடுத்த கூட்டமோ ஏறக்குறைய ஒரு மாதத்தில் வந்துவிடும். அதே மணல், அதே இடம். பின்னால் வரும் ஆமை குழி தோண்டும்போது முன்னால் வந்த ஆமையின் முட்டைகள் உடைந்து வெளியே சிதறும். சிதறியது அழுகும், அதோடு மணலில் பூஞ்சையும் பாக்டீரியாவும் ஏறும், கூட்டுக்குள்ளேயே பல கருக்கள் இறக்கும். மணல் முழுக்க அழுகல் வாசனை. இரவில் பறந்து திரியும், மோப்பத்தை வைத்தே சாப்பாட்டைத் தேடும் ஒரு வண்டுக்கு இதைவிடப் பெரிய அழைப்பு வேண்டுமா?

வந்த வண்டு உடைந்த முட்டையோடு நிற்கவில்லை. மணலுக்குள் இறங்கி நல்ல முட்டையையும் துளைக்கிறது. கடலாமை முட்டை ஓடு கோழி முட்டை ஓடு மாதிரிக் கெட்டி கிடையாது, தோல் போல நெகிழ்வானது, துளைக்கச் சிரமமில்லை. கூட்டுக்குள்ளேயே வண்டு முட்டையிடுகிறது, அதன் புழுக்களும் ஆமை முட்டையைத் தின்றே வளர்கின்றன. தோலும் இறகும் தின்ன இயற்கை கொடுத்த வாய்க்கு, கெரட்டினோடு மல்லுக்கட்ட வேண்டிய அவசியமே இல்லாத, குழைவான, மாதாமாதம் புதுசாக வந்து சேர்கிற புரதம். எந்த உயிர்தான் வேண்டாம் என்று சொல்லும்?

எஸ்கோபில்லாவில் மட்டும் நடப்பதும் இல்லை. கலாபகோஸ் தீவுகளில் இதே வண்டு பேராமை என்கிற பச்சைக் கடலாமையின் கூடுகளைத் தாக்குவதை 1970-களின் கடைசியிலேயே அங்கே ஆராய்ந்திருக்கிறார்கள். ஆனால் தனித்தனியாக, இடைவெளி விட்டு ஆமைகள் முட்டையிடும் கரையில் வண்டுக்கு இப்படி மூட்டை மூட்டையாக உணவு சேராது. நெரிசல்தான் இங்கே விஷயம். வண்டு இல்லாத கரையிலும் கூட்டமாக முட்டையிடும் இடங்களில் பொரியும் விகிதம் குறைவாகத்தான் இருக்கும், காரணம் முன்னால் சொன்ன தோண்டலும் அழுகலும். வண்டு அந்தச் சேதத்தின் மேல் ஏறி உட்கார்ந்து அதைப் பெருசாக்குகிறது.

"வண்டைக் கொன்றால் ஆமை பிழைக்கும்" என்று எழுதுகிறவர்களைப் பார்த்தால் எனக்குக் கொஞ்சம் எரிச்சல் வரும். கூட்டில் புகுந்த வண்டைப் பொறுக்கி எடுப்பது, பொறி வைப்பது எல்லாம் செய்ய வேண்டியதுதான், வேண்டாம் என்று சொல்லவில்லை. பூச்சிமருந்தை மட்டும் யாரும் யோசிக்கக் கூடாது, ஆமைக் குஞ்சு மூச்சு விடுகிற மணல் அது. அழுகிய முட்டைக் குவியலை முதலில் அகற்றினால் வண்டுக்கு வாசனைச் சீட்டு குறையும் என்பது என் கருத்து. அந்த மணலில் அழுகலைத் தின்று குறைக்கிற வேலையையும் இதே வண்டுதான் செய்துகொண்டிருக்கிறது என்பதையும் கூடவே நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும்.

கேள்வி: அப்படியானால் இது கெட்ட வண்டு என்று வைத்துக்கொள்ளலாமா?

பதில்: அர்ஜென்டினா விவசாயியிடம் கேட்டால் வேறு பதில் வரும். அங்கே இதே ஒமார்கஸ் சுபெரோசஸ் வெட்டுக்கிளி முட்டைகளைத் தின்கிறது என்று பேர் வாங்கிய வண்டு. வெட்டுக்கிளியும் முட்டையை மண்ணுக்குள்தான் வைக்கும், நுரை பூசிய பொதியாக, ஒரு பொதிக்குப் பல பத்து முட்டைகள், அதுவும் கூட்டமாக ஒரே திடலில் ஆயிரக்கணக்கான பொதிகள். ஆமைக் கரையில் நடந்த அதே கதை: ஒரே இடத்தில், மண்ணுக்கு அடியில், குவியலாகப் புரதம். ஆப்பிரிக்காவில் பாலைவன வெட்டுக்கிளியின் முட்டைப் பொதிகளையும் ஒரு டிரோஜிட் வண்டு தின்பதைப் பதிவு செய்திருக்கிறார்கள். வண்டு செய்வது இரண்டு இடத்திலும் ஒன்றேதான். யாருடைய முட்டை என்பதைப் பொறுத்து நாம்தான் பட்டம் மாற்றிக் கொடுக்கிறோம்.

வளர்த்துக் கொண்டுபோய் வெட்டுக்கிளி மேல் விட்டால் என்ன என்று இன்னொரு கடிதம் கேட்கிறது. வேண்டாம். பிணம், இறகு, முட்டை என்று எது கிடைத்தாலும் பிழைத்துக்கொள்ளும் உயிரைப் புது நாட்டில் விட்டுவிட்டு, வெட்டுக்கிளி முட்டையை மட்டும் தின்னு என்று உத்தரவு போட முடியாது. அந்த நாட்டில் ஆமைக் கரை ஒன்று இருந்துவிட்டால் கதை கந்தல்.

கேள்வி: இணையத்தில் ஒமார்கஸ் பேரினத்தில் ஏதாவது ஒரு பெயரைத் தேடினால் "இது ஒரு வகைத் தோல் வண்டு" என்று ஒரே வரிதான் வருகிறது. பெயருக்குப் பின்னால் அடைப்புக்குறிக்குள் ஆள் பெயரும் ஆண்டும். ஏன் இவ்வளவு வறட்சி?

பதில்: பல இனங்களைப் பற்றி மனிதர்கள் எழுதி வைத்ததே அவ்வளவுதான் என்பதால். யாரோ ஒருவர் பிடித்தார், ஊசியில் குத்தினார், எங்கே எப்போது என்று சீட்டு எழுதினார், இன்னொருவர் பெயர் வைத்தார். அது உயிரோடு எங்கே வாழ்கிறது, எந்தக் கூட்டில் வளர்கிறது, புழு எப்படி இருக்கும் என்பதையெல்லாம் எழுத ஆள் வரவில்லை. பிணத்துக்கு அடியில் மண்ணைத் தோண்டிக்கொண்டு உட்கார யாருக்குப் பிடிக்கும், வண்ணத்துப்பூச்சிக்கு நூறு பேர் வருவார்கள்.

அடைப்புக்குறிக்கு அர்த்தம் இருக்கிறது. 'ஒமார்கஸ் சுபெரோசஸ் (ஃபாப்ரிசியஸ், 1775)' என்றால், ஃபாப்ரிசியஸ் 1775-இல் முதலில் விவரித்தார், அவர் வைத்த பேரினத்திலிருந்து பிறகு வேறு பேரினத்துக்கு மாற்றிவிட்டார்கள் என்று பொருள். அவர் டிராக்ஸ் என்ற பேரினத்தில் வைத்திருந்தார். ஒமார்கஸ் என்ற பேரினத்தை எரிக்சன் 1847-இல்தான் உருவாக்கினார், அதுவும் ரொம்ப காலம் டிராக்ஸின் உட்பிரிவாகவே நடத்தப்பட்டது. அதனால் பழைய கட்டுரைகளில் 'டிராக்ஸ் சுபெரோசஸ்' என்றே இருக்கும், தேடும்போது இரண்டு பெயரையும் போட்டுத் தேடுங்கள், ஒரு வரி பல பக்கமாகிவிடும்.

இரண்டையும் பிரித்தறிய ஓர் எளிய அடையாளம் உண்டு. இரண்டு இறக்கை மூடிகளும் கழுத்தருகே சேரும் இடத்தில் நடுவில் ஒரு சின்னத் தகடு தெரியும். டிராக்ஸில் அது ஏறக்குறைய நீள்வட்டம். ஒமார்கஸில் இரு பக்கமும் இடுங்கி ஈட்டிமுனை வடிவத்தில் இருக்கும். மண்ணைத் துடைக்காமல் பார்த்தால் ரெண்டுமே தெரியாது. இனத்தையே உறுதியாகச் சொல்ல வேண்டுமானால் பல சமயம் ஆண் வண்டின் இனப்பெருக்க உறுப்பை வெளியே எடுத்துப் பார்த்தாக வேண்டும், புகைப்படத்தை அனுப்பிப் பெயர் கேட்கிறவர்கள் மன்னிக்க.

தெரியாமலே அழிந்துபோகிற ஆபத்தும் இதில் இருக்கிறது. ஐரோப்பாவில் டிராக்ஸ் பெரிசி என்று ஓர் இனம், மரப்பொந்துக்குள் பறவைகள் கட்டும் கூட்டின் அடிக்குப்பையில் வாழ்வது. பொந்து விழும் அளவுக்கு மரம் வயதாக வேண்டும், அதில் பறவை குடியேற வேண்டும், வருஷக்கணக்கில் இறகு சேர வேண்டும், அப்புறம்தான் இந்த வண்டுக்கு வீடு. பட்டுப்போன மரம் என்று ஒன்றை வெட்டும்போது இந்த வரிசை முழுக்கக் கூடவே போகிறது.

கேள்வி: உயிரோடு பார்க்க ஆசை. செத்த நாயைத் தேடி அலைய முடியாது. வேறு வழி? கடிக்குமா?

பதில்: கடிக்காது, விஷமும் இல்லை, ஆனால் இருந்த இடம் அப்படி என்பதால் கையுறை போட்டுக்கொள்ளுங்கள், பிறகு சோப்புப் போட்டுக் கை கழுவுங்கள். இறகு, கத்தரித்த முடி, பழைய கம்பளித் துண்டு இவற்றை ஒரு கை அளவு எடுத்து, மணற்பாங்கான, உலர்ந்த நிலத்தில் தரையோடு ஒட்டி வைத்து மேலே கல்லைத் தூக்கி வையுங்கள். காற்றில் பறக்கவும் கூடாது, நாய் இழுக்கவும் கூடாது. இரண்டு மூன்று வாரம் கழித்து மெல்லத் தூக்கிப் பாருங்கள். மேலே ஒன்றும் இல்லை என்றால் அடியில் இருக்கிற மண்ணையும் விரலளவு கிளறுங்கள், உள்ளேதான் இருக்கும். ஆந்தை வந்து உட்காரும் மரத்தடியில் கக்கிய கட்டிகள் கிடந்தால் அதையும் பிரித்துப் பார்க்கலாம். பறவை குடியிருக்கும் கூட்டில் மட்டும் கை வைக்காதீர்கள், குஞ்சுகள் பறந்துபோன பிறகு பார்த்துக்கொள்ளலாம்.

கிடைத்த கட்டிகளை ஒரு தட்டில் பரப்பிவிட்டு அசையாமல் உட்காருங்கள். சில நிமிடத்தில் வண்டு தானாகக் காலை நீட்டும். அப்புறம் நனைத்த மென்மையான தூரிகையால் முதுகு மண்ணைத் துடைத்து, நடுத்தகடு தெரிகிற மாதிரி நேர் மேலிருந்து ஒரு படம், பக்கவாட்டில் ஒரு படம். எதன் அடியில் கிடைத்தது, எந்தத் தேதி என்று கூடவே குறித்து வையுங்கள். பார்த்து முடித்ததும் எடுத்த இடத்திலேயே விட்டுவிடலாம்.